சரண்டர் பத்திரத்தில் அவள் அடித்த ஒரு சொல்

திருமணமாகாத என் சித்தி மகளுக்குக் குழந்தை பிறந்தபோது உடனிருந்தவள் நான் மட்டும்தான். பிரசவ வார்டிலேயே ஒரு பெண்மணி எங்களை அணுகி, பிள்ளையில்லாத தம்பதி ஒருவர் இருப்பதாகவும், கையோடு கொடுத்துவிட்டால் செலவையெல்லாம் அவர்களே பார்த்துக்கொள்வார்கள் என்றும் சொன்னார். பணத்துக்குக் குழந்தையைக் கைமாற்றினால் ஐந்தாண்டு வரை சிறை என்பது அன்று எனக்குத் தெரியாது. ஆனாலும் மனம் ஒப்பவில்லை. குழந்தைகளுக்கான உதவி எண் 1098ஐ அழைத்தேன். அவர்கள் மாவட்டக் குழந்தைகள் நலக் குழுவுக்கு வழிகாட்டினார்கள்.

போனவுடன் கையெழுத்து வாங்கிக்கொள்வார்கள் என்றே நினைத்திருந்தோம். ஆனால், குழந்தையை நீயே வளர்ப்பதானால் என்னென்ன உதவி வேண்டியிருக்கும் என்றுதான் முதலில் கேட்டார்கள். தங்குமிடம் பற்றியும் வேலை பற்றியும் பொறுமையாகப் பேசினார்கள். அந்த நேரம் முழுவதும் அவளுக்குப் பால் கட்டி ரவிக்கை நனைந்துகொண்டிருந்தது. நான் என் துண்டைப் போர்த்திவிட்டேன்.

கொடுத்துவிடுவதில் அவள் உறுதியாக இருந்ததால், குழந்தையைத் தத்துக்காகக் குழுவிடம் ஒப்படைக்கும் சரண்டர் பத்திரத்தை வரிவரியாகப் படித்துக் காட்டினார்கள். மணமாகாதவள் என்பதால் அவள் கையெழுத்து மட்டும் போதுமானதாக இருந்தது. சாட்சிகள் இருவரில் நான் ஒருத்தி. குழந்தை பிற்காலத்தில் தன் வேரைத் தேடி வந்தால், தாயின் பெயரையும் முகவரியையும் தெரிவிக்க "விரும்புகிறேன்", "விரும்பவில்லை" என்ற இரண்டில் பொருந்தாததைக் கோடிட்டு அடிக்க வேண்டியிருந்தது. பேனாவைப் பிடித்தபடி வெகுநேரம் இருந்தவள், "அக்கா, என்னைத் திட்டவா தேடி வரும்?" என்று கேட்டாள். என்னிடம் பதில் இல்லை. "விரும்பவில்லை" என்பதை அடித்தாள். முகவரியில் விடுதியின் பெயரை எழுதத் தொடங்கியவள், அதை நிறுத்திவிட்டு எங்கள் ஆயா (பாட்டி) வீட்டு முகவரியை எழுதினாள். விடுதி மாறிவிடும், அந்த வீடு மாறாது என்றாள்.

அந்தக் கையெழுத்தோடு எல்லாம் முடிந்துவிடுவதில்லை என்பதை இந்த நிலையில் இருக்கும் ஒவ்வொரு பெண்ணுக்கும் யாராவது சொல்லியாக வேண்டும். 2015ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம் மறுபரிசீலனைக்கு இரண்டு மாதம் தருகிறது. அதற்குள் தாய் மனம் மாறினால் குழந்தையைத் திரும்பக் கேட்கலாம். ஒரு மாதம் கழிந்த நிலையில் அவள் விடியற்காலைப் பேருந்தில் வந்து இறங்கி, குழந்தையை வாங்கிக்கொண்டு போகலாம் என்றாள். ஆலோசனை சொல்லும் ஆற்றுப்படுத்துநரிடம் அழைத்துச் சென்றேன். மாலைவரை பேசிவிட்டு அவளாகவே வேண்டாம் என்று சொன்னாள். கெடு முடிவதற்குப் பத்து நாட்களுக்கு முன் நானே அவளை அழைத்து, இன்னும் நாள் இருக்கிறது என்று நினைவூட்டினேன். அவளைக் குழப்புகிறேன் என்று உறவினர் ஒருவர் கோபித்துக்கொண்டார். அது அவளுடைய உரிமை, நினைவூட்டியது சரி என்றே இன்றும் கருதுகிறேன்.

கெடு முடிந்தபின், குழுவின் உறுப்பினர்கள் குறைந்தது மூவர் சேர்ந்து, குழந்தை சட்டப்படி தத்துக்குரியது என்று அறிவிக்கிறார்கள். தத்து ஆணையை 2022 செப்டம்பர் முதல் மாவட்ட ஆட்சியரே பிறப்பிக்கிறார். அந்த ஆணையோடு பெற்றவளின் உரிமை முழுவதும் வளர்ப்பவர்களைச் சேர்கிறது. யார் வீட்டில் வளர்கிறது என்பது எங்களுக்குத் தெரிவிக்கப்படவில்லை, தெரிவிக்கவும் மாட்டார்கள். பத்திரத்தின் நகலைத் தன் அறையில் வைத்துக்கொள்ள முடியாது என்று அவள் சொன்னதால், அது என் பீரோவில் இருக்கிறது.