நியமன ஒப்புதல் வழக்கு: கோப்பில் என்ன இருக்கிறது என்பதே பாதி வெற்றி

தமிழ்நாட்டில் அரசு உதவிபெறும் பள்ளியில் ஆசிரியரை நியமிப்பது நிர்வாகம், சம்பளம் கொடுப்பது அரசு. நடுவில் நிற்பது மாவட்டக் கல்வி அலுவலரின் ஒப்புதல். அது வராவிட்டால் ஆசிரியர் பாடம் நடத்திக்கொண்டே இருப்பார். மானியத்தில் அவர் பெயர் ஏறாது.

ஒப்புதல் கேட்டுப் பள்ளி அனுப்பும் கருத்துரு போனதும் அலுவலகம் முதலில் புரட்டுவது காலியிடத்தைத்தான். அந்த இடத்தில் முன்பு யார் இருந்தார், ஓய்வா, ராஜினாமாவா, பதவி உயர்வா, எந்தத் தேதியில் இடம் காலியானது? இதற்கான ஆணை நகலும், அந்த ஆண்டு ஆகஸ்ட் 1 நிலவரப்படியான பணியாளர் நிர்ணய ஆணையும் (மாணவர் எண்ணிக்கைப்படி எத்தனை ஆசிரியர் இடம் என்று சொல்வது) சேர்ந்திருக்க வேண்டும். பள்ளிக்குழுத் தீர்மானம், விளம்பரம், நேர்காணல் மதிப்பெண் பட்டியல், சான்றிதழ்களின் உண்மைத்தன்மை எல்லாம் அதற்குப் பின்னால்தான். நிர்ணயத்தில் பள்ளிகள் அடிக்கடி சறுக்கும் இடம் ஒன்று உண்டு: சுயநிதிப் பிரிவில் படிக்கும் பிள்ளைகளையும் சேர்த்துக் கணக்குக் காட்டுவது. மானியப் பணியிடத்துக்கு அந்தத் தலைகள் சேராது. கல்வி உரிமைச் சட்டப்படி தொடக்க வகுப்புகளில் 30 பேருக்கு ஒருவர், 6 முதல் 8 வரை 35 பேருக்கு ஒருவர். துறை இன்னும் எடுத்துக்காட்டும் அரசாணை 525, 29.12.1997 தேதியிட்டது, அதன் கணக்கு 40-க்கு ஒருவர். எந்தக் கணக்கில் உங்கள் இடம் நிற்கிறது என்று முன்கூட்டியே போட்டுப் பாருங்கள்.

துறையின் வழக்கமான மறுப்பு, ‘உபரி ஆசிரியர்கள் இருக்கிறார்கள்’, அதாவது நிர்ணயத்துக்கு மேல் ஏற்கெனவே ஆட்கள் இருக்கிறார்கள் என்பது. இதற்கு எதிர்க்கேள்வி எளிது. காலியிடம் வந்த தேதியில் அதே பாடத்துக்கு, அதே பணிநிலையில் யார் உபரி? அவரை இந்தப் பள்ளிக்கு அனுப்பி ஆணை போட்டீர்களா? பெயர் சொல்லாத உபரிக் கணக்கு வாதத்தில் பலவீனமானது. ஆனால் உங்கள் நிர்வாகத்தின் வேறொரு பள்ளியிலேயே உபரி இருந்தால், வழக்குக்கு முன் அதைச் சரிசெய்வது நல்லது.

கோப்பைக் ‘குறைபாடு’ என்று திருப்பி அனுப்பினால் நிவர்த்தி செய்து, ஒப்புகையோடு மறுபடி கொடுத்து, காரணத்துடன் எழுத்துப்பூர்வ ஆணை கேளுங்கள். ஆணையில் இல்லாத காரணத்தைப் பிறகு நீதிமன்றத்தில் துறை போடும் பதிலுரை மனுவில் நுழைக்க முடியாது என்பது உச்ச நீதிமன்றத்தின் மொகிந்தர் சிங் கில் வழக்கிலிருந்து (1978) நிலைத்த சட்டம். ஒரு வரி மறுப்பாணை, கசப்பாக இருந்தாலும், வழக்குக்கு லாபம்தான்.

மறுப்பை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவில் பெரும்பாலோர் கோட்டை விடுவது கோரிக்கையில். ‘மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுக’ என்று கேட்டால் அதுதான் கிடைக்கும். பரிசீலித்துவிட்டேன், நிராகரிக்கிறேன் என்று அடுத்த ஆணை வரும். வழக்கு முதலிலிருந்து தொடங்கும். மறுப்பாணை கையில் இருந்தால் அதை ரத்து செய்யவும், நியமன நாளிலிருந்து ஒப்புதலும் நிலுவைச் சம்பளமும் வழங்கவும் சேர்த்தே கேளுங்கள். அந்த நாளைக் குறிப்பிட மறந்தால் ஒப்புதல் ஆணையின் தேதியிலிருந்துதான் சம்பளம் என்று துறை நிற்கும்.

ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) தனி விவகாரம். பட்டதாரி, இடைநிலை ஆசிரியர் நியமனம் இத்தேர்வைக் கட்டாயமாக்கிய 23.08.2010 அறிவிக்கைக்குப் பிந்தையது என்றால் டெட் சான்று முதல் கேள்வியாக வரும். சிறுபான்மைப் பள்ளிகள், தங்களுக்குக் கல்வி உரிமைச் சட்டம் பொருந்தாது என்ற உச்ச நீதிமன்றத்தின் 2014 பிரமதி தீர்ப்பைக் காட்டி விலக்குக் கேட்டுவந்தன. 01.09.2025 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பையே சந்தேகித்து, பெரிய அமர்வின் பார்வைக்கு அனுப்பியது. பிரமதியை மட்டும் நம்பி இப்போது புதிய நியமனம் செய்வது துணிச்சல்தான்.

வென்ற பிறகும் ஆணை நிறைவேறாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனுதான் வழக்கமான வழி. அதற்கு ஓராண்டுதான் காலவரம்பு. தீர்ப்பு சொன்ன கெடு முடிந்த நாளைக் குறித்து வையுங்கள். மேல்முறையீடு போட்டிருக்கிறோம் என்று அலுவலகம் சொன்னால் தடையாணை இருக்கிறதா என்று கேளுங்கள். தடை இல்லாத மேல்முறையீடு தீர்ப்பை நிறுத்தாது.