டே-ல ஒரு பேரு சொல்லுங்க

ஆயில்ய நட்சத்திரத்துல புள்ள பொறந்த வீட்டுக்காரங்க யாராச்சும் இதப் படிச்சா எங்க கஷ்டம் உடனே புரியும். நட்சத்திரத்துக்கு நாலு பாதம், பாதத்துக்கு ஒரு எழுத்து, அந்த எழுத்துலதான் பேரு ஆரம்பிக்கணும்னு பஞ்சாங்கத்துலயே போட்டிருக்கும். அஸ்வினிக்காரன் குடுத்து வெச்சவன், சு சே சோ லா, சுரேஷ்லேர்ந்து சோமசுந்தரம் வரைக்கும் அள்ளிக்கலாம். கார்த்திகைக்கு அ இ உ ஏ, பாதி தமிழ்நாடு அதுக்குள்ளயே அடங்கிரும். ஆயில்யத்துக்கு மட்டும் டி, டு, டே, டோ. என் தங்கச்சி பையன் மூணாம் பாதம். அதாவது டே.

மொத நாள் யாரும் இத பெருசா எடுத்துக்கல, கூகுள்ல கெடைக்காததா என்னன்னு மாப்ள ஆஸ்பத்திரி காரிடார்லயே போன எடுத்துட்டு உக்காந்தாரு. ஏதோ ஒரு ஆப், அதுல டே-ன்னு அடிச்சா இருவது முப்பது பேரு கொட்டுது, எல்லாத்துலயும் கடைசில ஒரு ஷ் இல்லன்னா ஒரு த், எந்தப் பேர தொட்டாலும் பக்கத்துல ஒரே அர்த்தம், அறிவாளி இல்லன்னா சூரியன் இல்லன்னா பெருமாள். ஒரு பேருக்கு மூணையும் சேத்தே போட்டிருந்தான். எந்த மொழில அப்டி அர்த்தம்னு ஒரு வார்த்தை இல்ல.

ஃபேமிலி வாட்ஸப் குரூப்ல கேட்டு வெச்சோம், அதுதான் வெனையாப் போச்சு. சித்தி உடனே டில்லிபாபுன்னு போட்டாங்க. எங்க ராணிப்பேட்டை, வேலூர் பக்கம் தெருவுக்கு ஒரு டில்லிபாபு இருப்பாரு, ஆனா அது டி, மொதப் பாதம், நமக்கு ஆகாது. சித்தப்பா பையன் டேவிட், டேனியல்னு ரெண்டு போட்டான், அர்த்தமும் அவனே எழுதினான், ரெண்டும் ஹீப்ரு, டேவிட்னா அன்புக்குரியவன், டேனியல்னா கடவுளே என் நீதிபதி. ஆப்ப விட இது எவ்ளோ தெளிவா இருக்குன்னு நான் நெனச்சிட்டிருக்கும்போதே தங்கச்சி மாமியார்கிட்டேர்ந்து வாய்ஸ் மெசேஜ் வந்துருச்சு. "நாங்க வருஷா வருஷம் ஆடி கிருத்திகைக்கு திருத்தணிக்கு காவடி எடுக்குற குடும்பம்ப்பா." அவ்ளோதான், மேட்டர் க்ளோஸ்.

இந்த நேரத்துலதான் பெரியப்பா உள்ள வந்தாரு. ரிட்டையர்டு தமிழ் வாத்தியார், குரூப்ல பொங்கலுக்கும் தீபாவளிக்கும் மட்டும் வாய் தொறக்குற ஆளு. மெசேஜ்லாம் போடல, நேரா பஸ் புடிச்சு வீட்டுக்கே வந்துட்டாரு. செருப்பக் கழட்டும்போதே ஆரம்பிச்சாரு, "டகரம் மொழிக்கு முதல்ல வராதுடா, தொல்காப்பியத்துலயே சொல்லியிருக்கு". மொழிக்கு முதல்னா வார்த்தையோட மொத எழுத்தாம். ர, லவும் அப்டித்தான் வராதாம், அதனாலதான் ரங்கன் அரங்கன் ஆனான், லட்சுமணன் கம்பர்கிட்ட வந்து இலக்குவன் ஆனான், ஏன் தமிழ் பைபிள எடுத்துப் பாரு, டேவிட் தாவீது, டேனியல் தானியேல், அவங்களுக்குத் தெரிஞ்சிருக்கு உங்களுக்குத் தெரியல.

மாப்ள ரொம்ப மரியாதையா, "அப்ப எந்த எழுத்துல வெக்கலாம் பெரியப்பா, ச-ல வெக்கலாமா"ன்னு கேட்டாரு. ஏன்னா அவரு பேரு சரவணன், தங்கச்சி சரண்யா, வரிசையா ச வந்தா நல்லாருக்கும்னு ஒரு ஆசை. பெரியப்பா கண்ணாடியக் கழட்டித் தொடச்சாரு. தொல்காப்பியர் ச, சை, சௌ மூணுலயும் வார்த்தை ஆரம்பிக்கக் கூடாதுன்னு சொல்லியிருக்காராம். புருஷன் பொண்டாட்டி ரெண்டு பேரும் ஒருத்தர ஒருத்தர் பாத்துக்கிட்டாங்க. "அப்ப என் பேரே தப்பா?"ன்னாரு மாப்ள. "கவலப்படாதீங்க, நன்னூல் வந்தப்ப உங்களுக்கு பர்மிஷன் குடுத்துட்டாங்க"ன்னு பெரியப்பா சிரிக்காம சொன்னாரு. கையோட அவரு பேருக்கு அர்த்தமும் சொல்லிட்டாரு, சரம்னா நாணல், சரவணம்னா நாணல் காடு, அந்தப் பொய்கைல பொறந்ததால முருகனுக்கு அந்தப் பேரு. ஏதோ வீரன் சூரன்னு எதிர்பாத்திருப்பாரு போல, "புல்லா"ன்னு மட்டும் கேட்டுட்டு மறுபடி போன எடுத்துக்கிட்டாரு.

இவ்ளோ கூத்தையும் கயித்துக் கட்டில்ல உக்காந்து வெத்தல இடிச்சிக்கிட்டே பாத்துட்டிருந்தாங்க எங்க ஆயா. பேரு குப்பம்மா. அவங்களுக்கு முன்னாடி பொறந்த மூணும் தங்கல, நாலாவது இவங்க பொறந்ததும் தூக்கிட்டுப் போயி குப்பைமேட்டுல ஒரு பொரட்டு பொரட்டி எடுத்து அந்தப் பேர வெச்சிருக்காங்க. அந்தக் காலத்துல இது எல்லா ஊர்லயும் உண்டு, குப்பன், குப்புசாமி எல்லாம் அப்டி வந்த பேருதான், பிச்சைன்னா பிச்சையா வாங்குன புள்ள, மூக்கன்னா மூக்கு குத்தி விட்ட புள்ள. ஆயாவோட தம்பி பேரு பிச்சை, பெரியம்மா பையன் மூக்கன், ஒரே குடும்பத்துல முழு செட்டும் இருந்திருக்கு. "எமன் வாசல் வரைக்கும் வந்து பேரக் கேட்டுட்டு, தூ குப்பையான்னு திரும்பிப் போயிட்டாண்டா, இன்னிவரைக்கும் வரல"ன்னு சொல்லிட்டு ஒரலத் தட்டி வெத்தலய வாயில போட்டுக்கிட்டாங்க. அந்த ஆப்ல இருக்குற அத்தன அர்த்தத்தையும் கூட்டினாலும் இதுக்கு உறை போடக் காணாது, என்னக் கேட்டா.

நடுவுல பொறப்பு பதிவு வேற, 21 நாளைக்குள்ள பண்ணணும். ஆபீஸ்ல, பேரு இல்லாமயே பதிஞ்சுக்கலாம் சார், ஒரு வருஷத்துக்குள்ள வந்து சேத்தா காசு கெடயாதுன்னு சொன்னாங்க. இத ஏன்தான் மாப்ள காதுல விழற மாதிரி சொன்னாங்களோ, ஒரு வருஷம் டைம் இருக்குன்னு ஆப்ப மறுபடி மொதல்லேர்ந்து ஆரம்பிச்சிட்டாரு.

கடைசில வழி பண்ணது பெரியப்பாதான். டே தமிழுக்கு வந்தா தே ஆகும், தாவீது மாதிரி, அதனால தேனரசன்னு வைங்கன்னாரு. எல்லாருக்கும் புடிச்சிருந்துது. அத்தை, அதான் தங்கச்சி மாமியார், மட்டும் ஜோசியருக்கு போன் போட்டாங்க. ஸ்பீக்கர்ல அவரு சொல்றாரு, "தே வந்து விசாகத்தோட எழுத்தாச்சேம்மா, மூணாம் பாதம்". புள்ளயோட நட்சத்திரத்தயே மாத்திட்டீங்களேன்னு பெரியப்பாவ எல்லாரும் திரும்பிப் பாத்தோம், அவரு மொத தடவையா பதில் இல்லாம உக்காந்திருந்தாரு. ஆனா அத்தை முகம் பளிச்சுனு ஆயிருச்சு. விசாகம் முருகன் நட்சத்திரமாச்சே, அப்பன் பேரு சரவணன், காவடி எடுக்குற குடும்பம், அவனே வந்து கேட்டுட்டான்னு கன்னத்துல போட்டுக்கிட்டாங்க. தொல்காப்பியத்தால முடியாதத முருகன் ஒரே நிமிஷத்துல முடிச்சாரு.

பேரு வெக்கிற அன்னிக்கு தாம்பாளத்துல அரிசி பரப்பி தேனரசன்னு எழுதியாச்சு. காதுல மூணு தடவ சொல்ல அத்தை குனியிறதுக்கும் புள்ள வீல்னு கத்துறதுக்கும் சரியா இருந்துது, பக்கத்துல இருந்த ஆயா பழக்க தோஷத்துல "டேய், டேய், அழுவாதடா"ன்னு காதுக்கிட்டயே சொல்லிட்டாங்க. மாப்ளதான் மொதல்ல கண்டுபுடிச்சாரு. "அம்மா, டே-லயே கூப்ட்டாச்சும்மா!" ஜோசியருக்கும் இப்ப பாக்கி இல்ல.

அதோட விட்டிருக்கலாம். மாப்ள இங்கிலீஷ் ஸ்பெல்லிங்க எடுத்துக்கிட்டு நியூமராலஜி பாக்குறவர்கிட்ட போயிட்டாரு. அவரு டேபிள்ல ஒவ்வொரு இங்கிலீஷ் எழுத்துக்கும் 1லேர்ந்து 8க்குள்ள ஒரு நம்பர், என்-னுக்கு 5. பேரக் கூட்டினா 32 வருது, ஒரு என் கூடப் போட்டா 37, மூணும் ஏழும் பத்து, பத்துன்னா ஒண்ணு, சூரியன் நம்பர், அதயே வைங்கன்னுட்டாரு. ரெண்டு என் போட்டு எழுதின ஃபார்ம ஆபீஸ்ல குடுத்தா, கம்ப்யூட்டர்ல அடிக்கிறவங்க இங்கிலீஷப் படிச்சு தமிழ்ல தென்னரசன்னு அடிச்சுக் குடுத்துட்டாங்க. பெரியப்பாவுக்கு அதுல வருத்தமே இல்ல, தென்னரசன்னா தெற்குக்கு ராஜா, பாண்டியன்டா, தேன விட இது மேலன்னு சர்டிபிகேட்ட வாங்கி ரெண்டு தடவ படிச்சாரு.

மாப்ளைக்குத்தான் மனசு கேக்கல, மறுபடி போயி அந்த நியூமராலஜிக்காரர்கிட்ட, தமிழ்ல பேரே மாறிடுச்சே சார், நம்பரு கெட்டுருமான்னு கேட்டிருக்காரு. அவரு பேப்பர்லேர்ந்து தலையே தூக்கலயாம். "தமிழ்ல எப்டி வேணா எழுதிக்கோங்க சார், நம்ம கணக்குக்கு அது வராது."

இத பெரியப்பாகிட்ட இன்னும் யாரும் சொல்லல.