ஆர் எண்ணினது?

80,000. அதற்குக் கீழே 400.

கரும்பலகையில் இந்த இரண்டு எண்களை மட்டும் எழுதிவிட்டுச் சேர் கதிரையில் போய் இருந்தார். உயர்தரக் கலைப்பிரிவில் கிரேக்க உரோம நாகரிகம் எடுத்தவர்கள் நாங்கள் ஏழு பேர்தான். அந்தப் பாடம் லேசு, புள்ளி விழும் என்று யாரோ சொன்னதை நம்பி வந்தவர்கள். 1983ஆம் ஆண்டின் தொடக்கம். வெளியே கிரிக்கெட் பயிற்சிச் சத்தம்.

"ஒரு சண்டை. பிரித்தானியர் பக்கம் செத்தது எண்பதினாயிரம். உரோமர் பக்கம் நானூறு. கணக்கைப் பாத்துச் சொல்லுங்கோ."

ஒருவனுக்கு இருநூறு பேர் என்று பின்வாங்கில் இருந்தவன் சொன்னான்.

"சரி. ஆர் எண்ணினது?"

ஒருவருக்கும் பதில் தெரியவில்லை. அன்று முழுக்க அதற்கு மேல் பாடம் நடக்கவில்லை. மணி அடித்ததும் எண்களை அழிக்காமல் எழும்பிப் போய்விட்டார். அடுத்த பாடத்துக்கு வந்த தமிழ் மாஸ்டர் அவற்றைப் பார்த்து, "இது என்னடாப்பா, ஆற்ற வீட்டுக் கடன்?" என்று கேட்டது இன்றைக்கும் காதுக்குள் இருக்கிறது.

இந்த வருடப் பள்ளிக்கூட மலருக்கு ஒரு கட்டுரை கேட்டு வந்தபோது, கிரிக்கெட் பற்றியோ விடுதிச் சாப்பாடு பற்றியோ எழுதலாம் என்றுதான் நினைத்தேன். அவற்றை என்னைவிட வடிவாக எழுத ஆட்கள் இருக்கிறார்கள். சேரைப் பற்றி எழுத அந்த ஏழு பேர்தான் உண்டு.

சேருக்குப் பட்டப்பெயர் 'ஹனிபல்'. யானை மாதிரி நடப்பார் என்பது ஒரு காரணம். மற்றது, யானைகளோடு உரோமை எதிர்த்த காதேஜ் தளபதி ஹனிபல் என்றால் அவருக்கு உயிர். கி.மு. 216இல் கன்னேயில் உரோமப் படையை நடுவில் உள்ளே வரவிட்டு இரண்டு பக்கத்தாலும் சுற்றி வளைத்த விதத்தை, மேசையில் சோக்குத் துண்டுகளை அடுக்கிக் காட்டுவார். துண்டுகள் முடிந்தால் எங்கள் பேனா மூடிகளையும் வாங்கி வைப்பார். அந்த ஒரு சண்டைக்கு மூன்று பாடம் போனது. ஆனால் கி.மு. 202, சாமாச் சண்டை வந்தபோது, "ஹனிபல் தோற்றார். வாசிச்சுக்கொள்ளுங்கோ" என்றார். அவ்வளவுதான். கி.மு. 146இல் காதேஜ் நகரத்தை எரித்துத் தரைமட்டமாக்கியது அவருடைய நோட்ஸில் ஒரே ஒரு வரி. பரீட்சைக்கு வேண்டிய பகுதியை நாங்களே நூலகத்தில் தேடி எடுத்தோம்.

நோட்ஸ் எல்லாம் அவரே ஆங்கிலத்திலிருந்து தமிழாக்கி, றோணியோவில் அடித்துத் தருவார். மையின் மணத்தோடு ஈரமாகவே கைக்கு வரும். அவற்றில் உரோமரை எதிர்த்தவர்களுக்கு ஒதுக்கிய இடம், உரோமப் பேரரசர்களுக்கு ஒதுக்கியதைவிடக் கூட. அலேசியாவில் சரணடைந்து, ஆறு வருடம் சிறையில் கிடந்து, சீசரின் வெற்றி ஊர்வலத்தில் இழுத்துச் செல்லப்பட்டுக் கொல்லப்பட்ட, கோல் நாட்டுத் (இன்றைய பிரான்ஸ் பக்கம்) தலைவன் வெர்சிஞ்செற்றோரிக்ஸ். உரோமப் படையிலேயே பயிற்சி பெற்று, கி.பி. 9இல் ஜெர்மானியக் காட்டுக்குள் மூன்று லீஜியன்களை, அதாவது உரோமப் பெரும் படைப்பிரிவுகளை, ஒன்றுமில்லாமல் ஆக்கிய ஆர்மினியஸ். பாடவிதானம் சேருக்குப் பொருட்டே இல்லை. எங்களுக்குப் பரீட்சையில் புள்ளி குறைந்ததற்கு அதுவும் ஒரு காரணம் என்பதை இப்போது சொல்லலாம், அவர் கோபிக்க மாட்டார்.

அந்த 80,000க்கு வருகிறேன். அடுத்த நாள் கதையைச் சொன்னார்.

இங்கிலாந்தில் இப்போதைய நோர்ஃபோக் பக்கம் இருந்தவர்கள் ஐசீனி மக்கள். அவர்களுடைய அரசன் பிரசுற்றாகஸ் உரோமுக்கு அடங்கி நடந்தவன். சாகும்போது தன் அரசைப் பேரரசன் நீரோவுக்கும் தன் இரண்டு பெண்பிள்ளைகளுக்கும் சேர்த்து உயில் எழுதிவைத்தான். அரைப் பங்கைக் கொடுத்தால் மிச்சம் தப்பும் என்ற நினைப்பு. உரோம அதிகாரிகள் முழுவதையும் எடுத்தார்கள். அரசி பூடிக்காவைக் கசையால் அடித்தார்கள், பிள்ளைகளைக் கெடுத்தார்கள். கி.பி. 60 அல்லது 61இல் ஐசீனிகளும் பக்கத்து திரினொவந்தர்களும் எழும்பினார்கள். முதலில் விழுந்தது கமுலோடுனும், இன்றைய கொல்செஸ்டர். பிறகு லண்டன். பிறகு வெருலாமியம், இன்றைய சென் ஆல்பன்ஸ். கடைசிச் சண்டையில் ஆளுநர் சுவெற்றோனியஸ் பவுலினஸின் பத்தாயிரம் பேரிடம் தோற்றார்கள். வேடிக்கை பார்க்கப் பெண்டு பிள்ளைகளை வண்டில்களில் கொண்டுவந்து களத்தின் ஓரத்தில் நிறுத்தியிருந்ததால், ஓடுவதற்கும் வழியில்லாமல் போனது.

"இதை எழுதினது தசிற்றஸ். உரோமன். அவற்ற மாமனார் அக்ரிக்கோலா அந்த நேரம் பவுலினஸிட்ட வேலை செய்த இளம் அதிகாரி. அப்ப சொல்லுங்கோ, எண்ணினது ஆர்?"

"மாமா, சேர்" என்றான் ஒருவன். சேர் சிரித்ததை நாங்கள் கண்டது அந்த ஒருமுறைதான்.

சிரித்துவிட்டு, எங்கள் தலையில் குட்டுவதுபோல இன்னொன்றும் சொன்னார். அந்தக் கொல்செஸ்டரைப் பிடிக்கக் கி.பி. 43இல் யானைகளோடு வந்தவன் உரோமப் பேரரசன் குளோடியஸ். அதே குளோடியஸின் அரண்மனைக்கு எங்கள் தீவிலிருந்து நாலு தூதர்கள் போனார்கள் என்று உரோம எழுத்தாளர் பிளினி எழுதியிருக்கிறார். செங்கடல் வரியைக் குத்தகைக்கு எடுத்த ஒருவருடைய ஆள் காற்றில் அள்ளுண்டு தப்ரபேனில், அதாவது எங்கள் தீவில், கரையொதுங்கினானாம். அவனிடம் இருந்த உரோம வெள்ளிக்காசுகளில் வேறு வேறு தலைகள் இருந்தும் எல்லாம் ஒரே நிறையாக இருந்ததைக் கண்டு அரசன் வியந்து, தூது அனுப்பினானாம். "காசைப் பாத்து மயங்கினவன்" என்பது சேருடைய தீர்ப்பு. நியாயமான தீர்ப்பு என்றுதான் அன்று எனக்குப் பட்டது.

1986இல் லண்டனுக்கு வந்தேன். வந்த புதிதில் பெற்றோல் ஸ்டேசனில் இரவு வேலை. ஒரு விடியற்காலை வெஸ்ற்மின்ஸ்ரர் பாலத்தடியில் பஸ்ஸுக்கு நிற்கும்போது தலையை நிமிர்த்தினால், மேலே தேரில் பூடிக்கா. இரண்டு குதிரைகள், பக்கத்தில் இரண்டு பிள்ளைகள், கையில் ஈட்டி. தோர்னிகுறொவ்ற் என்பவர் செய்த வெண்கலச் சிலை, அவர் இறந்து பல வருடம் கழித்து 1902இல் அங்கே நிறுத்தினார்கள். குளிரில் கை விறைத்தாலும் பீடத்தில் எழுதியிருந்ததை வாசித்தேன். ஒரு பழைய கவிஞரின் வரி. சீசர் அறியாத நாடுகளையும் உன் சந்ததி ஆளும் என்று கருத்து.

சீசர் அறியாத நாடுகள். அதில் நாங்களும் அடக்கம். பேரரசை எரித்தவளை இன்னொரு பேரரசு தன் பாட்டியாக்கி வைத்திருக்கிறது. அன்றே ஏரோகிராம் வாங்கிச் சேருக்கு எழுதினேன். ஒன்றரை மாதம் கழித்துப் பதில் வந்தது: "அப்ப அவளையும் வரி அறவிட வைச்சிட்டாங்கள்."

அதற்குப் பிறகு எனக்கு இது ஒரு பைத்தியமாகவே போய்விட்டது. பிள்ளைகளைப் பிரித்தானிய அருங்காட்சியகத்துக்குக் கூட்டிப்போனால் அவர்கள் மம்மியைப் பார்க்கப் போவார்கள், நான் ஒரு கல்லறைக் கல்லுக்கு முன்னால் நிற்பேன். யூலியஸ் கிளாசிசியானஸின் கல். கலகம் அடங்கிய பிறகு வரி நிதிப் பொறுப்புக்கு வந்தவர். பவுலினஸ் பழிவாங்குவதை நிறுத்தாவிட்டால் சண்டை ஓயாது, ஆளுநரை மாற்றுங்கள் என்று நீரோவுக்கு எழுதினார். ஆளுநரும் மாற்றப்பட்டார். இரக்கமா, ஆட்கள் செத்தால் வரி வராதே என்ற கணக்கா என்று சேர் கேட்டிருப்பார். எனக்கு வேறொன்றுதான் பட்டது. இவரே கோல் நாட்டுக்காரர் என்று கருதுகிறார்கள். சீசர் வெட்டி அடக்கிய மக்களின் வழிவந்தவர். கல்லை நிறுத்திய மனைவியின் பெயர் யூலியா பக்காற்றா. 'பக்காற்றா' என்றால் அடக்கி அமைதியாக்கப்பட்டவள். கி.பி. 21இல் தன் சொந்த மக்களான திரெவரிகளின் கலகத்தை உரோமுக்காக அடக்கியவர் அவளுடைய தகப்பன் இண்டுஸ். பிள்ளைக்குப் பெயர் வைக்கும்போது அந்த மனுசனின் மனதில் என்ன இருந்திருக்கும்?

கொல்செஸ்டருக்குப் போனது மிகவும் பிந்தித்தான். நோர்மன்கள் 11ஆம் நூற்றாண்டில் கட்டிய கோட்டை அங்கே இருக்கிறது. அதன் அடியில் இருப்பது குளோடியஸுக்குக் கட்டிய கோயிலின் அத்திவாரம். வழிகாட்டியோடு கீழே இறங்கலாம். உரோமச் சாந்து இன்னும் பிடித்தபடி இருக்கிறது. அந்தக் கோயிலுக்குச் செலவழித்தே திரினொவந்தர்கள் நொந்துபோனார்கள். ஓய்வுபெற்ற உரோமச் சிப்பாய்கள் அவர்களை வீடு வளவுகளிலிருந்து கலைத்து, அடிமைகள் என்று ஏசினார்கள். ஊருக்கு மதிலும் கட்டவில்லை. கலகம் வந்தபோது உதவிக்கு வந்தது இருநூறு பேர். கடைசியாகக் கோயிலுக்குள் போய்ப் பூட்டிக்கொண்டவர்கள் இரண்டு நாள் தாக்குப்பிடித்தார்கள்.

அந்த நகரத்தில் எங்கே ஆழக் கிண்டினாலும் சிவப்பும் கறுப்புமாக எரிந்த மண் படை ஒன்று வரும். வெந்த களிமண் சுவர், உருகிய கண்ணாடி. கரிந்துபோன பேரீச்சம்பழமும் எடுத்திருக்கிறார்கள். எரிந்தபடியால்தான் உக்காமல் மிஞ்சியிருக்கிறது.

2014இல் உயர்தெருவில் ஃபென்விக் கடையைத் திருத்தும்போது அந்தப் படைக்குக் கீழே ஒரு வீட்டின் தரையில் சிறு குழி தெரிந்தது. உள்ளே தங்கக் காப்புகள், காதணிகள், மோதிரங்கள், வெள்ளி நகைகள், காசுகள். பூடிக்காவின் ஆட்கள் வருகிறார்கள் என்று அறிந்து அவசரமாகத் தாட்டது. தாட்டவள் திரும்பி வரவில்லை.

கொல்செஸ்டர்க் கோட்டை அருங்காட்சியகத்தில், கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று அதைப் பார்த்தபோது என்னால் அசைய முடியவில்லை. 1995 ஒக்ரோபர் கடைசியில் வலிகாமத்தைவிட்டு வெளிக்கிட்ட இரவு, அம்மா தன் அட்டியலையும் நாலு காப்பையும் ஹோர்லிக்ஸ் போத்தலுக்குள் போட்டுத் தேசிமரத்தடியில் தாட்டுவிட்டுத்தான் போனவர். அடுத்த வருடம் திரும்பி வந்தபோது தேசிமரம் இல்லை, கிணற்றுக்கட்டும் இல்லை. எங்கே என்று குறிப்பதற்கு ஒன்றும் இல்லை. நாலு இடம் கிண்டிப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார். சாகும்வரை அதைப் பற்றிக் கதைத்ததும் இல்லை.

வகுப்பில் நாங்கள் எல்லோரும் பூடிக்கா பக்கம். முப்பது வருடம் நானும் அந்தப் பக்கம்தான். அன்றைக்கு அழுகை வந்தது உரோமச் சிப்பாயின் மனைவிக்காக.

அன்றிரவே சேருடைய பேத்தியின் வட்ஸ்அப்புக்குப் படமும் நீண்ட குரல் செய்தியும் அனுப்பினேன். சேருக்கு எண்பது தாண்டிவிட்டது, காதும் மந்தம். பிள்ளை தாத்தாவுக்குச் சத்தமாகத் திருப்பிச் சொல்லியிருக்க வேண்டும். இரண்டு நாள் கழித்து அவருடைய குரல் வந்தது. நடுக்கம் இருந்தாலும் வகுப்புக் குரல்தான்.

"தம்பி, அம்மாவிட நகை போனது எனக்கு இப்பதான் தெரியும். பெரிய கவலை. ஆனா ஒண்டு. அம்மா தாட்டது தன்ர வளவுக்குள்ள. அந்த மனுசி தாட்டது ஆற்ற வளவுக்குள்ள எண்டும் பாரும்."

எனக்குக் கோபம் வந்தது. ஒரு வாரம் பதில் போடவில்லை. பிறகு போட்டேன், வேறு விசயம் கதைத்தோம்.

போன வருடம் மறுபடியும் அங்கே போனேன். இந்த முறை நகைப் பெட்டியடியில் நிற்காமல், அதே அருங்காட்சியகத்தில் இருக்கும் லெக்ஸ்டன் மேட்டுப் பொருட்களைத் தேடிப் போனேன். குளோடியஸ் வருவதற்கு ஐம்பது வருடத்துக்கும் மேல் முன்னர் கொல்செஸ்டர்ப் பக்கத்தில் புதைக்கப்பட்ட, பெயர் தெரியாத ஓர் உள்ளூர்த் தலைவனின் புதைகுழியிலிருந்து எடுத்தவை. வளவுக்குச் சொந்தக்காரர்கள் என்று சேர் சொன்ன ஆட்களுடைய தகப்பன் பாட்டன் காலத்தவன். உரோம வைன் சாடிகளின் துண்டுகள் இருந்தன. இரும்புச் சங்கிலிக் கவசத்தின் துண்டுகள் இருந்தன. அவற்றோடு, ஒரு விரல்நுனியால் மறைக்கக்கூடிய வெள்ளிப் பதக்கம் ஒன்று. அதில் உரோமப் பேரரசன் அகுஸ்தஸின் தலை. உரோமக் காசில் இருந்து செய்தது.

காசைப் பாத்து மயங்கினவன்.

படம் எடுத்துப் பேத்தியின் எண்ணைத் திறந்தேன். கடைசியாக அதில் இருந்தது சேருடைய அந்தியேட்டிக் கிரியை அழைப்பு. படத்தை அனுப்பினேன். "இது ஆர், அங்கிள்?" என்று கேட்டு எழுதியிருந்தாள்.