தடையுத்தரவு கையில் இருந்தும் வேலி போட முடியாத கதை

குடியாத்தம் பக்கத்தில் என் சித்தப்பாவுக்கு ஒன்றேகால் ஏக்கர் நிலமும் அதில் ஒரு கிணறும் உண்டு. பங்காளி ஒருவர் வரப்பை வெட்டி உள்ளே வரத் தொடங்கியதும் சித்தப்பா உரிமையியல் நீதிமன்றத்தை நாடி இடைக்கால உறுத்துக்கட்டளை, அதாவது தடையுத்தரவு, வாங்கிவிட்டார். அந்தத் தாளை நம்பிக் கம்பிவேலி போடப் போன அன்று, கடப்பாரையும் கையுமாக நான்கு பேர் வழிமறித்து நின்றார்கள். காவல் நிலையத்தில் அவருக்குக் கிடைத்தவை ஒரு மனு ரசீதும், "இது சிவில் மேட்டருங்க" என்ற பதிலும்தான்.

யாரோ சொன்னதைக் கேட்டு, போலீஸ் பாதுகாப்புக் கோரி நேராக உயர் நீதிமன்றத்துக்கே ரிட் மனுவுடன் (அரசு அதிகாரிகளுக்கு உத்தரவிடக் கோரும் மனு) போனோம். காவல் கண்காணிப்பாளருக்குப் பதிவுத் தபாலில் மனு அனுப்பி, அந்த ஒப்புகை அட்டையையும் இணைத்து, காட்பாடியில் விடியற்காலை ஏலகிரி எக்ஸ்பிரஸைப் பிடித்து நாலைந்து முறை அலைந்தபின் வந்த உத்தரவு, மனுதாரரின் மனுவைச் சட்டப்படி பரிசீலிக்குமாறு காவல்துறைக்குச் சொன்னதே தவிர, பாதுகாப்புக் கொடுக்கும்படி சொல்லவில்லை. இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டை எங்களுக்கு விளக்கியவர் நிலையத்தில் இருந்த எழுத்தர். அவர் சொன்னது சரியும்கூட.

சொத்துரிமையில் தகராறு இருக்கும்போது, போலீஸ் பாதுகாப்பு என்ற பெயரில் ரிட் மனு போட்டு அந்த உரிமையைத் தீர்மானித்துக்கொள்ள முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2006-இல் பி.ஆர். முரளிதரன் வழக்கிலேயே சொல்லியிருக்கிறது. உத்தரவு போட்ட நீதிமன்றத்திடமே திரும்பிப் போவதுதான் வழி. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151-ஆம் பிரிவின்கீழ், உத்தரவை நிறைவேற்றக் காவல்துறை உதவ வேண்டும் என்று அங்கேயே மனுப் போடலாம். உத்தரவை மீறியவர் மீது அதே சட்டத்தின் கட்டளை 39, விதி 2ஏ-யின்படி தனியாக இன்னொரு மனுவும் போடலாம். அதில் சொத்து ஜப்தி உண்டு, மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையும் உண்டு. சென்னைக்குச் செலவழித்த பணத்தில் பாதிகூட இதற்கு ஆகவில்லை என்பதைச் சித்தப்பா இன்றும் சொல்லிக் காட்டுகிறார்.

உயிருக்கு ஆபத்து என்றால் கதையே வேறு. சாதி மறுத்து மணந்தவர்கள் எந்தத் தீர்ப்புக்கும் காத்திருக்க வேண்டியதில்லை. ஆணவக் கொலைகள் பற்றிய சக்தி வாகினி வழக்கில் 27-3-2018 அன்று உச்ச நீதிமன்றம் மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவு அமைக்கச் சொன்னது அவர்களுக்காகத்தான். சித்தப்பாவோ, தன் உயிருக்கும் ஆபத்து என்று மனுவில் ஒரு வரி சேர்த்திருந்தார். அப்படி எழுதினால் நீதிபதி உடனே இரங்குவார் என்று அவருக்கு யாரோ சொல்லியிருக்கிறார்கள். அந்த வரி எங்களுக்கு எந்த நன்மையும் செய்யவில்லை.

மறுபடி குடியாத்தம் நீதிமன்றத்தில் போட்ட மனுவில், எந்தச் சர்வே எண், எந்த எல்லை, என்ன வேலைக்குப் பாதுகாப்பு என்று தெளிவாக எழுதினோம். உத்தரவும் அதே தெளிவோடு வந்ததால், நிலைய ஆய்வாளர் மறுபேச்சுப் பேசாமல் இரண்டு காவலர்களை அனுப்பினார். கல் நட்டுக் கம்பி இழுத்து முடிக்க மாலை ஆகிவிட்டது. மூல வழக்கு இன்னும் நடக்கிறது. வாய்தாவுக்குப் போகும்போதெல்லாம் சித்தப்பா அந்த உத்தரவின் நகலையும் மஞ்சள் பையில் எடுத்துப்போகிறார்.