கூடலசங்கமத்தில் கேட்ட சரணு

கிருஷ்ணையும் மலப்பிரபாவும் கூடும் இடத்தில், பெரிய கிணற்றைப் போல வட்டமாக எழுப்பிய சுவருக்குள் படி இறங்கிச் சென்றால்தான், லிங்காயத நெறியின் முன்னோடியான பன்னிரண்டாம் நூற்றாண்டுப் பசவண்ணர் இறைவனோடு ஐக்கியமான தலத்தைத் தரிசிக்க முடியும். நாராயணபுரம் அணையில் தேங்கும் நீர் இந்த இடத்தை மூழ்கடித்துவிடக் கூடாது என்பதற்காக எழுப்பப்பட்ட சுவர் அது. இறங்க இறங்க வெளிக்காற்றின் ஓசை அடங்கிக்கொண்டே வந்தது. நீர் நிறைந்த காலத்தில் சுவருக்கு அப்பால் ஆறு நம் தலைக்கு மேலே நிற்கும் என்று நினைத்தபோது உடல் சிலிர்த்தது. அடியில் சிறிய கல் மண்டபமும் லிங்கமும் இருந்தன. கண்களை மூடிக்கொண்டேன், கேட்டுக்கொள்வதற்கு எதுவும் நினைவுக்கு வரவில்லை.

துறைமங்கலம் சிவப்பிரகாச சுவாமிகள் 17ஆம் நூற்றாண்டில் தமிழில் தந்த பிரபுலிங்க லீலை வழியாகத்தான், பசவண்ணர் காலத்துக் கன்னட ஞானியான அல்லமப் பிரபு எனக்கு அறிமுகமானார். அவரைத் தேடிப் படித்தபோது பசவண்ணர் வந்து சேர்ந்தார். வட கர்நாடகத்தின் பாகல்கோட்டை மாவட்டத்தில் இருக்கும் இந்தக் கூடலசங்கமத்திற்குச் சிறு வயதிலேயே வந்து கல்வி கற்றவர் அவர். தமக்கு அணிவிக்கும் பூணூலைத் தம் அக்காள் நாகம்மைக்கு ஏன் அணிவிப்பதில்லை என்று கேட்டு, விடை கிடைக்காமல் வீட்டைத் துறந்தார் என்று மரபு சொல்கிறது. பின்னாளில் கல்யாண நகரில் பிஜ்ஜள மன்னனிடம் அமைச்சராக இருந்தபோதும், வசனங்கள் எனப்படும் தம் கன்னட உரைப்பாக்களை அவர் இவ்வூர் இறைவனாகிய கூடலசங்கமதேவனை விளித்தே முடித்தார். செல்வர் சிவாலயம் கட்டுவர், ஏழையாகிய நான் என்ன செய்வேன், கால்களே தூண், உடலே கோயில், தலையே பொற்கலசம் என்று பாடியவரின் தலத்துக்கு யாத்திரை வருவது பொருந்துமா என்ற கேள்வி என்னுள் வழியெல்லாம் இருந்தது. அதற்கு விடை சங்கமநாதர் கோயிலின் கல் மண்டபத்தில், அறுபது வயது மதிக்கத்தக்க ஓர் அம்மையாரின் உள்ளங்கையில் கிடைத்தது.

அவர் கழுத்தில் தொங்கிய வெள்ளிச் சிமிழைத் திறந்து, துணியில் பொதிந்திருந்த இஷ்டலிங்கத்தை, இந்நெறியினர் உடலில் அணியும் சிறு லிங்கத்தை, எடுத்தார். கருநாவற்பழம் போல் மினுங்கிய அதை இடது உள்ளங்கையில் வைத்து, நீர்த்துளிகளால் நனைத்து, விபூதி சாத்தி, ஒரே ஒரு வில்வ இலையை மேலே வைத்தார். பிறகு கையைக் கண்களின் உயரத்துக்குத் தூக்கி இமைக்காமல் பார்க்கத் தொடங்கினார். எதிரே எரிந்த விளக்கின் சுடர் லிங்கத்தின் கரிய பரப்பில் ஒரு புள்ளியாக நின்றது. கை சிறிதும் அசையாததால் அந்தப் புள்ளியும் அசையவில்லை. அர்ச்சகர் இல்லை, கருவறை வாசற்படி இல்லை, இன்னாருக்கு இதுவரைதான் அனுமதி என்ற எல்லை இல்லை. பிறப்பு, இறப்பு, மாதவிலக்கு ஆகியவற்றால் வரும் தீட்டுகளை இந்த நெறி ஏற்பதில்லை ஆதலால், அந்தக் கைக்கு விலக்கப்பட்ட நாள் என்று ஒன்றும் இல்லை. எத்தனையோ கோயில்களில் திரை விலகுவதற்காகக் காத்து நின்றிருக்கிறேன். அந்தக் காத்திருப்பின் அருமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் திரையே இல்லாத ஒரு வழிபாட்டை அன்றுதான் அருகிருந்து கண்டேன்.

பூசை முடிந்ததும் நான் கைகூப்பி, இந்நெறியினர் வணங்கும் முறையில், "சரணு" என்றேன். அவர் புன்னகையுடன், "சரணு சரணார்த்தி" என்றார். நான் புரியாமல் விழித்ததைக் கண்டு, எனக்கு விளங்கும்படி நிறுத்தி நிறுத்திக் கன்னடத்தில் அரளய்யரின் கதையைச் சொன்னார். கல்யாண நகரில் செருப்புத் தைத்து வாழ்ந்த அரளய்யர் ஒருநாள் பசவண்ணரைக் கண்டு சரணு என்று வணங்க, அமைச்சராகிய பசவண்ணர் "சரணு சரணார்த்தி" என்று இரட்டித்து வணங்கினார். ஒன்றுக்கு இரண்டாக வந்த அந்த வணக்கத்தின் பாரம் தாங்காமல், அரளய்யரும் அவர் மனைவி கல்யாணம்மையும் தங்கள் தொடைத்தோலை அரிந்து செருப்பாகத் தைத்துக் கொண்டுவந்தனர். அதை அணியத் தமக்குத் தகுதியில்லை என்று பசவண்ணர் தலைமேல் தாங்கினாராம். இதைச் சொல்லும்போது அம்மையாரின் குரல் தழுதழுத்தது.

அடுத்து நடந்தது வெறும் கதையாகக் கடந்துவிடக் கூடியதன்று. அந்தணராகப் பிறந்து, சரணர் எனப்படும் இந்நெறி அடியாராகிய மதுவரசரின் மகளுக்கும் அரளய்யரின் மகனுக்கும் திருமணம் நடந்தது. லிங்கம் அணிந்தபின் முன்னைச் சாதி இல்லை என்பது சரணர்களின் உறுதி. ஊர் அதை ஏற்கவில்லை. இரு தந்தையரும் கொடிய முறையில் கொல்லப்பட்டனர். கல்யாண நகரம் கலவரத்தில் எரிந்தது, பிஜ்ஜளன் கொலையுண்டான், சரணர்கள் வசன ஓலைகளோடு உளவி முதலிய இடங்களுக்குச் சிதறினர். பசவண்ணர் இந்தச் சங்கமத்துக்குத் திரும்பி வந்து ஐக்கியமானார். சிதறிய ஓலைகளைப் பல நூற்றாண்டுகளுக்குப் பின் வீடு வீடாகத் தேடித் திரட்டி 1923இல் அச்சில் கொண்டுவரத் தொடங்கியவர் பிஜாப்பூர் வழக்கறிஞர் ப.கு. ஹளகட்டி. அவர் இல்லாவிட்டால் இன்று பலர் நாவில் இருக்கும் வசனங்களில் எத்தனை மிஞ்சியிருக்கும் என்று நினைக்கவே அச்சமாக இருக்கிறது.

"இப்போது எப்படி, அக்கா?" என்று கேட்டேன். அவர் மறைக்கவில்லை. தம் மகளுக்கு வரன் பார்க்கும்போது, நெற்றியில் விபூதியும் கழுத்தில் லிங்கமும் தரித்தவர்களே முதலில் கேட்பது எந்த உட்பிரிவு என்றுதான் என்றார். பஞ்சமசாலி, பணஜிகர், கானிகர், ஜங்கமர் என்று பிரிவுகள் நிலைத்துவிட்டன. லிங்காயதம் தனி மதமா, வீரசைவமும் அதுவும் ஒன்றா என்ற விவாதம் முற்றி, 2018இல் கர்நாடக அரசு தனி மத அங்கீகாரத்துக்குப் பரிந்துரைத்ததும் மத்திய அரசு அதை ஏற்காததும் நாம் அறிந்தவை. எந்தப் பெயரில் அங்கீகாரம் வந்தாலும், வராவிட்டாலும், அரளய்யர் வீட்டுத் திருமணம் இன்று ஒரு வீட்டில் தடையின்றி நடக்குமா என்பதே பசவண்ணரின் கேள்வியாக இருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. அந்த அம்மையாரும் இதை ஒப்புக்கொண்டு தலையசைத்தார். "மகளே ஒருவரைச் சொன்னால் நான் மறுக்க மாட்டேன், அவள் அப்பாவுடன்தான் பேச வேண்டும்" என்று மெல்லச் சொன்னார்.

மதியம் தாசோகம் எனப்படும் அன்னதானத்தில் சோறும் சாறும் உண்டோம். தரையில் ஒரே வரிசையில் அமர்ந்திருந்தோம். என் வலப்பக்கத்தில் இருந்தவர் யார், எந்த ஊர் என்று நானும் கேட்கவில்லை, அவரும் கேட்கவில்லை.

புறப்படும்போது காலணி காக்கும் இடத்துக்குச் சென்றேன். அங்கிருந்த முதியவர் என் செருப்புகளை எடுத்துத் துண்டால் தூசி தட்டி என் முன் வைத்தார். குனிந்து அவரை வணங்கி, "சரணு" என்றேன். அவர் நிமிர்ந்து பார்த்து இரு கைகளையும் குவித்தார்.

"சரணு சரணார்த்தி, அய்யா."

செருப்புகளைக் கையில் எடுத்துக்கொண்டு வெகுதூரம் வெறுங்காலுடனே நடந்தேன்.