புகைவீட்டுப் பேயும் ஸ்கூபி டூவும்

மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் ரப்பர் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளில், வளர்ந்த எங்களுக்குப் பேய்க்குப் பஞ்சமே இல்லை. துரை பங்களாவில் ஒன்று, ஆற்றுப் பாலத்தடியில் ஒன்று, அப்புறம் ரப்பர் ஷீட் காயும் புகைவீட்டில் ராத்திரி வெளிச்சம் காட்டும் ஒன்று. இப்படி வளர்ந்த வாண்டுகளை, ஒரு நாயும் நாலு இளசுகளும் பேயைத் துப்பறியும் அமெரிக்கக் கார்ட்டூன் ஸ்கூபி டூ முன்னால் உட்கார வைத்தால் என்ன ஆகும்? எனக்குக் கோபம்தான் வந்தது.

ஆஸ்ட்ரோ சாட்டிலைட் டிவி வந்த புதிது. பக்கத்து வீட்டு மாமாவின் கூடத்தில் ஏழெட்டுப் பேர் நெருக்கியடித்து உட்கார்ந்து, இருபது நிமிஷம் உள்ளங்கை வேர்க்கப் பார்ப்போம், கடைசியில் முகமூடியைக் கழற்றினால் உள்ளே யாரோ ஒரு கிழவர், கள்ள நோட்டு அடித்தவரோ புதையலுக்கு அலைந்தவரோ. சே! பாட்டிக்கு அந்தக் கவலையெல்லாம் இல்லை. "அந்த நாய்க்கு யாருடா சோறு போடுறா?" என்பார்.

போன மாதம் மகளோடு மறுபடி பார்த்தேன். 1969-70இல் அமெரிக்காவின் சிபிஎஸ் டிவியில் வந்த 25 அத்தியாயங்கள் இன்றைக்கும் ஓடுகின்றன, சித்திரம் கொஞ்சம் தட்டையாக இருந்தாலும். முதலில் வரைந்து காட்டிய படங்கள் பிள்ளைகளுக்கு ரொம்பப் பயங்கரம் என்று மேலிடம் ஒதுக்கிவிட, பிறகுதான் நாயை முன்னால் கொண்டு வந்தார்களாம். ஓரமாக நிற்க வேண்டிய நாய்! 1985இல் நிஜப் பேய்களை வைத்தே ஒரு தொடர் எடுத்தார்கள், பதின்மூன்று பேய்களைப் பிடிக்கும் கதை, ஆனால் பதின்மூன்றாவதைப் பிடிக்காமலே தொடர் நின்றுபோய், 2019இல்தான் ஒரு படம் எடுத்து அந்தக் கணக்கை முடித்தார்கள். சின்ன வயதில் பார்த்திருந்தால் அதுதான் பிடித்திருக்கும். இப்போது எனக்கு முகமூடிக் கதைகள்தான்.

காரணம் அப்பா. ரப்பரை அழித்துத் தோட்டம் செம்பனையாகி, நாங்கள் தமான் (குடியிருப்புப் பகுதி) வீட்டுக்கு வந்து பல வருஷம் கழித்து, ஒருநாள் காலையில் பசியாறிக்கொண்டே புகைவீட்டுப் பேயைப் பற்றிக் கேட்டேன். தோசையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னார்: "பேயாவது! ரப்பர் ஒட்டுப்பால் மூட்டையத் தூக்கிட்டு டார்ச் லைட்டோட போன ஆளு."

"உங்களுக்குத் தெரியுமா?"

"லயத்துல எல்லாப் பெரியவங்களுக்கும் தெரியும். அஞ்சு பிள்ளைங்கப்பா அவருக்கு. ஆபீஸ் கிராணி காதுக்குப் போனா வேலை போயிடும். அதான் பேய்னு சொல்லி வச்சோம்."

யார் என்று கேட்டேன். சட்னி இன்னும் கொஞ்சம் வேண்டும் என்றார்.