கைகளை ஒளித்த பாட்டி

செப்டம்பர் 1, 2025

வரும் 15ஆம் தேதியோடு ஜப்பானிய நடிகை கிகி கிரின் மறைந்து ஏழு வருடம். அதற்குள் அவருடைய வேடங்களைக் கால வரிசையில் பார்த்துக் குறிப்பெழுத வேண்டும். ஒரே கேள்வியைப் பிடித்துக்கொண்டு போகலாம்: முப்பது வயதிலேயே கிழவியாக நடிக்கத் தொடங்கியவர், அந்தக் கிழவியை உடம்பின் எந்த இடத்திலிருந்து உருவாக்கினார்? கையிலிருந்து என்பது என் எண்ணம். அடுத்தது வாய். முகம் அதற்கப்புறம்தான்.

பிறப்பு 1943 ஜனவரி 15, டோக்கியோவின் கண்டா பகுதி. அப்பா பிவா என்ற நரம்பு வாத்தியக் கலைஞர். மருந்தியல் படிக்க நினைத்திருந்த கிகி, நுழைவுத் தேர்வுச் சமயத்தில் பனிச்சறுக்கில் காலை முறித்துக்கொண்டார். 1961இல் புங்ககுசா நாடகக் குழு பயிற்சிக்கூடம் தொடங்கியபோது முதல் அணியில் சேர்ந்தார். அப்போது வைத்துக்கொண்ட மேடைப் பெயர் யூக்கி சிஹோ. 1964இல் டிபிஎஸ் தொலைக்காட்சியின் ‘ஏழு பேரப்பிள்ளைகள்’ தொடரில் வீட்டு வேலைக்காரப் பெண்ணாக வந்தார். அதில் தாத்தாவாக நடித்த மொரிஷிகே ஹிஸாயா எழுதிய வசனத்தோடு நிற்கிறவர் அல்ல. எதிரில் இருப்பவர் அந்த நொடியே ஈடுகொடுக்க வேண்டும். நாடகப் பள்ளியில் கிடைக்காத படிப்பு அது.

செப்டம்பர் 2

அந்தக் காலத்து ஸ்டுடியோ வேலைமுறை தெரிந்தால்தான் அவர் நடிப்பு பிடிபடும். முதலில் எல்லோரும் உட்கார்ந்து பிரதியை வாசிப்பார்கள். அடுத்து ஒத்திகை அறையில் எழுந்து நடமாடிப் பார்ப்பார்கள். ஸ்டுடியோவுக்குள் வந்தபின் ‘டிரை’, அதாவது கேமரா இல்லாமல் நடிப்பு மட்டும். பிறகு கேமராவோடு ஒத்திகை. இதை ‘கமேரிஹா’ என்பார்கள். பிறகு நிறுத்தாமல் முழுதாக ஓட்டும் ‘ரன்த்ரூ’. கடைசியில் ‘ஹோன்பான்’, அசல் பதிவு.

பல கேமராக்கள் ஒரே நேரத்தில் பார்த்துக்கொண்டிருக்கும். எந்தக் கேமராவின் படம் போக வேண்டும் என்பதைக் கட்டுப்பாட்டு அறையில் மாற்றிக்கொண்டே இருப்பார்கள். வீடியோ டேப்பை வெட்டி ஒட்டுவது அன்றைக்குச் சள்ளை பிடித்த வேலை. அதனால் காட்சிகள் நீளமாக, ஒரே மூச்சில் ஓடின. இதில் புதியவர்கள் தவறுவது வசனம் இல்லாத நேரத்தில்தான். தன் முறைக்காகக் காத்து நிற்பவரின் காத்திருப்பு அப்படியே பதிவாகிவிடும். கிகி ஒருபோதும் காத்து நிற்பதில்லை. ஓரத்தில் எதையாவது தின்றுகொண்டிருப்பார், சொறிந்துகொண்டிருப்பார், பாத்திரத்தை நகர்த்துவார். அந்தப் பழக்கம் நாற்பது வருடம் கழித்துத் திரைப்படத்தில் எப்படிப் பலன் தந்தது என்பதைப் பின்னால் எழுதுகிறேன்.

செப்டம்பர் 3

‘தெராவுச்சி கந்தாரோ இக்கா’ — கந்தாரோ குடும்பம். டிபிஎஸ், புதன்கிழமை இரவு 9 மணி, 39 வாரம். முதல் ஒளிபரப்பு 1974 ஜனவரி 16. அதற்கு முந்தின நாள்தான் கிகிக்கு 31 முடிந்தது. வேடம் கல் தச்சர் வீட்டுப் பாட்டி கின். மகன் கந்தாரோவாக நடித்தவர் இசையமைப்பாளர் கொபாயாஷி ஆசெய், 1932இல் பிறந்தவர். மகன் அம்மாவைவிடப் பத்து வயது மூத்தவர்!

எழுத்து முகோதா குனிகோ, தயாரிப்பு குசே தெருஹிகோ. கின் பாட்டி அறையில் பாடகர் சவாதா கென்ஜியின் பெரிய போஸ்டர் தொங்கும். அதன் முன்னால் உடம்பை நெளித்துக்கொண்டு அவருடைய செல்லப் பெயரை, “ஜூலீ!” என்று கூவுவார். ஜப்பான் முழுக்கப் பிள்ளைகள் அதைச் செய்து காட்டினார்கள்.

அவர் செய்துகொண்டது மூன்று காரியம். தலைமுடியை நிறம் போக்கி வெளுத்துக்கொண்டார். முதுகைக் கூனினார். விரல் நுனி மட்டும் தெரியும் கையுறையை மாட்டிக்கொண்டார். மூன்றாவதுதான் அறிவு. முடியையும் நடையையும் மாற்றலாம். அன்றைய 525 வரித் தொலைக்காட்சிப் படத்தில் முகத்துக் கோடுகளையும் ஓரளவு தேற்றிவிடலாம். புறங்கையின் தோலை ஒன்றும் செய்ய முடியாது. சாப்பாட்டு மேஜைக் காட்சியில் கிண்ணத்தைத் தூக்கும்போது கை முகத்துக்குப் பக்கத்தில் வந்துவிடும். அந்த இடத்தில் முப்பத்தொரு வயது பளிச்சென்று தெரிந்துபோகும். ஏமாற்ற முடியாததை மூடிவிட்டார்.

செப்டம்பர் 4

நேற்றையதற்கு ஒரு சேர்க்கை. இளையவர்கள் கிழவி வேடம் போடும்போது வழக்கமாகக் கெடுவது குரல். நடுங்க வைப்பார்கள், இழுப்பார்கள். கின் பாட்டி வேகமாகப் பேசுவார். சோற்றை அள்ளித் தின்பார், சண்டை வந்தால் தட்டைத் தூக்கிக்கொண்டு ஒதுங்குவார். வயது உடம்பில் இருந்தது, ஆசைகள் மட்டும் குறையவில்லை. சிரிப்பு அங்கிருந்து வந்தது. கிழவியைப் பரிதாபத்துக்குரியவளாக அவர் ஒரு தடவைகூட ஆக்கவில்லை.

செப்டம்பர் 6

1977: பெயரை விற்றது. ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் பிரபலங்கள் பொருள்களை ஏலம் விட்டார்கள். விற்க வேறு ஒன்றும் இல்லையென்று யூக்கி சிஹோ என்ற பெயரையே ஏலத்தில் வைத்தார். 20,200 யென்னுக்குப் போனது. பிறகு அகராதியைப் புரட்டிச் சத்தத்துக்காகப் புதுப் பெயரைப் பொறுக்கினார்: கி, கி, கி, ரின். எழுத்துகளின் பொருள் மரங்கள், அரிது, தோப்பு. பதினாறு வருடம் சேர்த்த பெயரை உச்சத்தில் இருக்கும்போது கைவிடுவது எந்தத் தொழிலிலும் துணிச்சல்தான்.

1980இல் ஃபியூஜி கலர் விளம்பரம். புகைப்படக் கடைக்கு வரும் பெண்ணாக கிகி, கடைக்காரப் பெண்ணாக கிஷிமோதோ கயோகோ. அழகானவர் இன்னும் அழகாக, அழகில்லாதவரும் அழகாகத் தெரிவார் என்பது முதலில் எழுதிய வரி. அது நடக்காத காரியம் என்று கிகி ஒத்துக்கொள்ளவில்லை. பின்பாதி “அல்லாதவர் அவரவருக்குத் தக்கபடி” என்று மாறியது. ‘ஸோரெநாரி நி’ என்ற அந்தச் சொல் நாட்டில் பேச்சு வழக்காகவே ஆகிவிட்டது. முப்பது நொடி விளம்பரத்திலும் பொய்யான ஒரு சொல்லை அவர் விடவில்லை.

செப்டம்பர் 8

தொழில் நடத்திய விதம். பின்னாளில் ஏஜென்சி கிடையாது, மேனேஜர் கிடையாது. வீட்டில் ஒரு ஃபேக்ஸும் பதிவுக் கருவியுள்ள தொலைபேசியும். அழைக்கிறவர் சேதி சொல்லிவிட்டு ஃபேக்ஸ் அனுப்ப வேண்டும். சம்மதமானால் அவரே திருப்பிக் கூப்பிடுவார், சம்பளமும் அவரே பேசுவார். பழைய காட்சிகளை மறுபடி ஒளிபரப்ப அனுமதி கேட்கிறவர்களுக்கு, தாராளமாகப் பயன்படுத்திக்கொள்ளலாம் என்று அந்தக் கருவியிலேயே பதிவு செய்து வைத்திருந்தார். நடுவில் ஆள் இல்லாததால் பிரதி நேராக அவர் கைக்கு வந்தது, கேள்விகள் நேராக இயக்குநருக்குப் போயின.

செப்டம்பர் 9

‘ஸ்டில் வாக்கிங்’, 2008. இயக்குநர் கோரே-எடா ஹிரோகசுவோடு ஆறு படம் செய்தார், இது முதலாவது. மூன்று வருடம் முன்புதான் மார்பகப் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை முடிந்திருந்தது.

படம் காய் சீவும் கைகளோடுதான் தொடங்குகிறது. முள்ளங்கி, காரட், பக்கத்தில் மகள். அம்மா டோஷிகோ பேசிக்கொண்டே இருக்கிறாள், கை தன்பாட்டுக்கு ஓடுகிறது. 2ஆம் தேதி எழுதியது இங்கே கைகொடுக்கிறது: ஸ்டுடியோவில் ஓரத்தில் நின்று எதையாவது செய்துகொண்டிருந்தவர், இப்போது அதையே படத்தின் நடுவில் செய்கிறார்.

சோளத் தெம்புரா: கதிரைக் கத்தியால் அரிந்தால் மணியின் அடிப்பாகம் கதிரிலேயே தங்கிவிடும், பால் கசிந்து மாவு நீர்த்துப்போகும். ஒரு வரிசையை எடுத்து இடம் உண்டாக்கிக்கொண்டு, பெருவிரலால் சாய்த்துச் சாய்த்து முழு மணியாக உதிர்க்க வேண்டும். முதலில் காய்ந்த மாவில் புரட்டிவிட்டுத்தான் கரைத்த மாவு. எண்ணெயில் போட்டதும் மணிக்குள் இருக்கும் நீர் ஆவியாகித் தோலை வெடிக்கச் செய்யும். படத்தில் அந்த வெடிச்சத்தம் கேட்டுத்தான் வீடு முழுக்க அடுப்பங்கரைக்கு வருகிறது.

பிறகு இரவு. மூத்த மகன் ஜுன்பெய் ஒரு சிறுவனைக் கடலில் காப்பாற்றப் போய் இறந்தவன். பிழைத்த அந்தப் பையனை, இப்போது வளர்ந்த ஆளை, வருடா வருடம் நினைவு நாளுக்கு அம்மா அழைக்கிறாள். போதுமே, அவனுக்கும் சங்கடம் என்கிறான் இளைய மகன். சங்கடப்படட்டும் என்றுதானே கூப்பிடுகிறேன் என்கிறாள். அந்த நேரத்தில் கை பின்னல்வேலை செய்துகொண்டிருக்கிறது. முகத்தில் கோபத்தைக் காட்டியிருந்தால் அந்த வரி வெறும் வசனமாகியிருக்கும். ஊசி நூலோடு சொன்னதால், அந்த வெறுப்பும் தினசரி வீட்டுவேலையில் ஒன்றாகத் தெரிகிறது. ஜப்பானியத் திரையில் இதைவிடக் கொடிய அம்மாவையும், இதைவிட நெருங்கிய அம்மாவையும் நான் பார்த்ததில்லை.

செப்டம்பர் 10

சுருக்கமாக விருதுகள். ‘டோக்கியோ டவர்’ (2007) படத்துக்கு ஜப்பான் அகாடமியின் சிறந்த நடிகை. அதில் இளவயது அம்மாவாக நடித்தவர் அவருடைய சொந்த மகள் உச்சிதா யயாகோ; சாயலுக்கு ஒப்பனை தேவைப்படவில்லை. மறதி நோயில் கரையும் தாயாக வந்த ‘வாகா ஹாஹா நோ கி’ படத்துக்கு 2013 மார்ச்சில் அதே விருது மறுபடி. அந்த மேடையில்தான் புற்று உடல் முழுக்கப் பரவியிருக்கிறது என்று சாதாரணமாகச் சொன்னார்.

செப்டம்பர் 11

‘ஆஃப்டர் தி ஸ்டார்ம்’, 2016. இடம் டோக்கியோவின் கியோசேயில் உள்ள அசாஹிகவோகா அடுக்குமாடிக் குடியிருப்பு. கோரே-எடா தானே வாழ்ந்த குடியிருப்பு அது. மகனாக அபே ஹிரோஷி, உயரம் 189 சென்டிமீட்டர். வீட்டுக்குள் அவர் எழுந்தால் அறையில் இடமில்லை. கிகி அந்த நெருக்கடியில் யாரையும் இடிக்காமல் புகுந்து புறப்படுகிறார். அந்த வீட்டில் பல வருடம் இருந்தவள் என்பதற்கு வேறு சான்று வேண்டாம். கால்பிஸ் பானத்தைக் கோப்பையில் ஊற்றி உறைய வைத்து மகனுக்குத் தருகிறார். கல்லாக உறைந்ததைக் கரண்டியால் இருவரும் சுரண்டிச் சுரண்டித் தின்னும் அந்தக் காட்சியில், பணம் போதாத குடும்பத்தின் உபசாரம் முழுக்க இருக்கிறது.

செப்டம்பர் 13

‘அன்’, 2015, இயக்கம் கவாசே நவோமி. கான் விழாவில் ‘உன் செர்த்தேன் ரெகார்’ பிரிவின் தொடக்கப் படம். டோராயாகி என்ற, பயறு விழுது வைத்த அடை விற்கும் கடைக்கு வேலை கேட்டு வரும் 76 வயது டொகுவே. தொழுநோயால் விரல்கள் கோணிப்போனவள். சிறுவயதில் சுகாதார விடுதியில் அடைக்கப்பட்டவள். நோயாளிகளைப் பிரித்துவைத்த சட்டம் ஜப்பானில் 1996இல்தான் நீங்கியது. ஹிகாஷிமுராயாமாவில் உள்ள தாமா ஸென்ஷோயென் விடுதியிலேயே படமெடுத்தார்கள். பள்ளி மாணவியாக வருபவர் கிகியின் பேத்தி உச்சிதா கியாரா.

கடைக்காரர் தகரத்தில் வரும் ஆயத்தப் பயறு விழுதை வைத்து ஓட்டுகிறார். டொகுவே விடியுமுன் வந்து அசுகிப் பயற்றிலிருந்து தொடங்குகிறாள். அசுகி நம் காராமணியைப் போன்ற சிவப்புப் பயறு, இன்னும் சிறியது. வீட்டளவில் செய்ய வேண்டுமானால் பயறு 300 கிராமுக்குச் சர்க்கரை 250 முதல் 300 கிராம், உப்பு ஒரு சிட்டிகை. கொதித்த முதல் தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும். துவர்ப்பு அதோடு போகும். புதுத் தண்ணீரில் சிறு தீயில், இரண்டு விரலுக்கிடையில் நசுங்கும்வரை வேகட்டும். அடுப்பை அணைத்து மூடிவைத்தால் உள்ளேயும் சீராக வெந்துவிடும். பயறு முழுக்க வேகுமுன் சர்க்கரை போட்டால் அப்படியே இறுகிவிடும், பிறகு எவ்வளவு கொதித்தாலும் மெத்தென்று ஆகாது. மொத்தச் சர்க்கரையையும் போட்டு வேகமாகக் கொதிக்கவிட்டாலும் தோல் சுருங்கிப்போகும். அதனால்தான் டொகுவே சர்க்கரை சேர்த்ததும் காத்திருக்கச் சொல்கிறாள், இரண்டு மணி நேரம். பெண் பார்க்க வந்தவர்களைத் தனியே பேசவிடுவது மாதிரி, பயறும் சர்க்கரையும் பழகட்டுமாம். கடைசியில் மரத்துடுப்பால் அடியைத் தொட்டுக் கிண்ட வேண்டும். பயற்றை நசுக்கக் கூடாது, அடிபிடிக்கவும் விடக் கூடாது. துடுப்பு போன தடம் பாத்திரத்தின் அடியில் ஒரு நொடி நின்றால் பதம்.

இப்போது கை. தொழுநோயில் முன்கை நரம்பு கெட்டால் முதலில் மடங்குவது மோதிர விரலும் சுண்டு விரலும்; தொடு உணர்வும் போய்விடும். கிகி அந்தக் கையைக் காட்டவும் இல்லை, மறைக்கவும் இல்லை. முகத்தை ஆவிக்குள் நீட்டி மணத்தைப் பார்க்கிறாள், காதால் கேட்கிறாள். விரல் தர முடியாத தகவலை மூக்கும் காதும் தருகின்றன. 1974இல் கையுறைக்குள் போன கைகள் இங்கே படத்தின் நடுவில் வெளியே கிடக்கின்றன.

செப்டம்பர் 14

‘நிச்சிநிச்சி கொரே கோஜிட்சு’, அவர் இறந்த பிறகு 2018 அக்டோபர் 13இல் வெளியானது. தேநீர்ச் சடங்கு ஆசிரியை தகேதா. மெல்லிய தேநீருக்குப் பச்சைத் தேயிலைத் தூள் சுமார் 2 கிராம், நீர் 60 முதல் 70 மில்லி. கொதிநீர் விழும் சத்தம் மெத்தென்று இருக்கும், குளிர்நீர் கலகலவென்று விழும். படம் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் கேட்க வைக்கிறது. தகேதா எதையும் விளக்குவதில்லை, கையைத் திருத்துகிறாள். ஏன் என்று கேட்காதே, கை தானாக நகரும் என்பதே அவள் பாடம். கிகிக்கென்று எழுதியது போன்ற பாடம்.

செப்டம்பர் 15

‘ஷாப்லிஃப்டர்ஸ்’. 2018 மே மாதம் கான் விழாவில் தங்கப் பனை என்ற முதல் விருது, ஜூன் 8இல் ஜப்பானில் வெளியீடு. செப்டம்பர் 15 அதிகாலை கிகி டோக்கியோவில் தன் வீட்டில் காலமானார், 75 வயது.

ஹத்சுஏ என்ற பாட்டி வேடத்துக்காக முடியை நீளமாக வளர்த்து அப்படியே விட்டார், பல்செட்டைக் கழற்றினார். இரண்டும் அவர் யோசனை. பல்செட் போனால் கன்னம் உள்வாங்கும், மேலுதடு மடங்கும், சில எழுத்துகள் காற்றாக வரும். ஆரஞ்சுச் சுளையைக் கடிக்க முடியாமல் உறிஞ்சுவதைப் பாருங்கள். பார்ப்பவர் கண்ணைத் திருப்பிக்கொள்ளும் அளவுக்கு அது உண்மை. அழகாகத் தெரிய வேண்டும் என்ற கடைசிக் கட்டாயத்தையும் கழற்றி வைத்துவிட்ட வாய் அது.

கடற்கரைக் காட்சியை மற்றவற்றுக்கு முன்பே, கோடையில் எடுத்துவிட்டார்கள். அலையோரம் குதிக்கும் ஐந்து பேரைப் பார்த்து ஹத்சுஏ உதட்டை அசைக்கிறாள், சத்தம் இல்லை. பிரதியில் இல்லாத அந்த உதட்டசைவை எடிட்டிங்கில்தான் கோரே-எடா கண்டார்: நன்றி என்றிருந்தார். மீதிக் கதையை அந்தச் சொல்லை நோக்கி அமைத்தார்.

அதற்குச் சற்று முன், மணலில் உட்கார்ந்திருக்கும் ஹத்சுஏ தன் முழங்காலுக்குக் கீழே பார்க்கிறாள். தோலில் வயதின் கறுப்புப் புள்ளிகள். எவ்வளவு புள்ளி என்று தனக்குள் சொல்லிக்கொண்டு, கைநிறைய மணலை அள்ளி அவற்றின் மேல் போடுகிறாள்.